பேசாத அண்ணனோடு பிசைந்த மாவு

பிரெஞ்சு ரொட்டி சுடக் கற்றுக்கொள்ள வேண்டும் என்று நான் ஒரு நாளும் ஆசைப்பட்டதில்லை. ராயபுரத்தில் பிறந்து, ராயபுரத்திலேயே வாக்கப்பட்டு, ரயில்வே டிக்கெட் கவுண்டரில் உட்கார்ந்து "சில்லறை கொண்டாப்பா" என்று கத்திக் கத்தித் தொண்டை தேய்ந்தவள் நான். எனக்கு ரொட்டி என்றால் தெருமுனை பேக்கரியில் சாயங்காலம் வாங்குகிற பன்தான். டீயில் முக்கினால் வேலை முடிந்தது. அதற்காக யாராவது பாண்டிச்சேரி வரைக்கும் பஸ் ஏறிப் போய், ஏப்ரன் கட்டிக்கொண்டு, காலையிலிருந்து சாயங்காலம் வரை நின்று மாவு பிசைவார்களா? நான் பிசைந்தேன். பெற்ற மகள் பிசைய வைத்தாள்.

மகளுக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. மாதா கோயிலில் பூசை நடுவே கல்யாண அறிவிப்பு ஓலை வாசிக்கத் தொடங்கிவிட்டார்கள். மண்டபம் பேசியாயிற்று, புடவை எடுத்தாயிற்று, சமையல்காரருக்கும் சொல்லியாயிற்று. ஒன்றே ஒன்றுதான் ஆகவில்லை. என் வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்து ஆறு வருஷம். அப்பா இல்லாத பெண்ணைக் கோயில் வாசலிலிருந்து பீடம் வரை கைபிடித்து அழைத்துப் போகத் தாய்மாமன் வேண்டும். தாய்மாமன் இல்லாமல் இல்லை. காத்திவாக்கத்தில் குத்துக்கல் மாதிரி இருக்கிறார். ஆனால் அவருக்கும் எனக்கும் பேச்சு வார்த்தை கிடையாது.

"மாமா கையப் புடிச்சிக்கினுதாம்மா நான் உள்ள வருவேன். மாமா வர்லன்னா எனக்குக் கல்யாணமே வேணாம்" என்று மகள் சொல்லிவிட்டாள்.

"உங்க சித்தப்பா கீறாரே, அவரு கைய புடிச்சிக்கினா புடிக்காதா?"

"சித்தப்பா நல்லவருதான். ஆனா மாமா மாமாதான்."

இவள் விளையாட்டுக்குப் பேசுகிறவள் இல்லை. சின்ன வயதில் ஓர் ஊசி போட்டுக்கொள்ள மாட்டேன் என்று ஆஸ்பத்திரிக் கட்டிலைப் பிடித்துக்கொண்டு நர்ஸ்கள் எல்லோரையும் அழவைத்தவள். பிடிவாதம் எங்கள் வீட்டுச் சொத்து. அண்ணனிடம் பெரும்பங்கு, எனக்குக் கொஞ்சம், அவளுக்கு மீதி.

சண்டை எதனால் என்றால் பிரியாணியால். சிரிக்காதீர்கள். என் வீட்டுக்காரருக்கு முப்பதாம் நாள் பூசை வைத்து, வந்தவர்களுக்குச் சாப்பாடு போட்டோம். அண்ணன் தன் மனைவி வீட்டு ஆட்களையெல்லாம் காத்திவாக்கத்திலிருந்து ஒரு வேனில் அடைத்துக்கொண்டு வந்தார். அவர்கள் கடைசிப் பந்தியில் உட்கார்ந்தபோது அண்டா காலி. இலை போட்டு, தண்ணீர் தெளித்து, இலையைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தார்களாம். அண்ணன் எழுந்தார், வேட்டியை மடித்துக் கட்டினார், மொத்த வேனையும் கிளப்பிக்கொண்டு போய்விட்டார். "எம்பொண்டாட்டி ஜனத்தக் குந்த வெச்சு அசிங்கப்படுத்திட்டா" என்று ஊரெல்லாம் சொன்னார். புருஷனைப் புதைத்துவிட்டு மூலையில் கிடந்தவள் நான். எனக்கு அண்டாவை எட்டிப் பார்க்கிற நிலைமையா? மறுநாள் ஆள் பிடித்து இரண்டு பாத்திரம் பிரியாணி கொடுத்தனுப்பினேன். மூடியைக்கூடத் திறக்காமல் திருப்பி அனுப்பினார். அன்றோடு சரி.

இருந்தாலும் மகளுக்காகக் கல்யாணத்துக்கு அழைத்தேன். தட்டில் வெற்றிலை பாக்கு, வாழைப்பழம், கல்கண்டு, மேலே பத்திரிகை வைத்து, என் கொழுந்தனார் கையில் கொடுத்தனுப்பினேன். தாலி இழந்தவள் தட்டு எடுத்துக்கொண்டு வீடு வீடாகப் போவது எங்கள் பக்கத்தில் வழக்கமில்லை. கிறிஸ்தவர்களுக்கு ஏது இதெல்லாம் என்று பங்குச் சாமியார் பிரசங்கத்தில் சொல்லுவார். பிரசங்கம் முடிந்து வெளியே வந்ததும் கிழவிகள் பழையபடி சொல்லுவார்கள். அண்ணன் தட்டைத் தொடவேயில்லை. "அவ வந்து குட்த்தா வாங்கிக்கிறேன்னு சொல்லு" என்று கொழுந்தனாரை வாசலோடு அனுப்பிவிட்டார்.

எனக்கு உச்சி மயிர் நட்டுக்கொண்டது. எவ்வளவு கொழுப்பு? பிரியாணியைத் திருப்பி அனுப்பின வாசலில் நான் போய்க் கையேந்தி நிற்க வேண்டுமா? செத்தாலும் மாட்டேன் என்றேன். மகள் போனை எடுத்து நோண்டிக்கொண்டிருந்தாள். அவள் பேசாமல் போனை நோண்டினால் ஏதோ வேலை நடக்கிறது என்று அப்போதே எனக்குப் புரிந்திருக்க வேண்டும்.

இரண்டு நாள் கழித்துக் குழைந்துகொண்டு வந்தாள். "கல்யாணம் ஆயிட்டா நீயும் நானும் எங்கம்மா தனியா போவப் போறோம்? பாண்டிக்குப் போய்ட்டு வர்லாம். கடல் பாக்கலாம்."

"நம்மாண்ட இல்லாத கடலா?"

"அது கலீஜ் இல்லாத கடலும்மா. அப்பால அங்க ஒருத்தங்க அவங்க வூட்லயே பிரெஞ்சு ரொட்டி சுட கத்துத் தராங்க. ஒரு நாளு கிளாஸ். ரெண்டு பேருக்கு புக் பண்ட்டேன்."

"கல்யாணத்த வெச்சிக்கினு ரொட்டி சுடப் போறேன்னு சொன்னா காறித் துப்புவாங்கடி" என்றேன். ஆனால் புதுச் செருப்பு ஒன்று எடுத்து வைத்தேன். பெண் இன்னொரு வீட்டுக்குப் போகப்போகிறாள், ஆசையாகக் கூப்பிடுகிறாள், எந்தத் தாய் மாட்டேன் என்பாள்?

பாண்டியில் வெள்ளைக்காரத் தெரு பக்கம் மஞ்சள் சுவர் வைத்த வீடு. உள்ளே ஒரு நீள அறை. நடுவில் இரண்டு சலவைக்கல் மேஜை, சுவர் ஓரம் பீரோ அளவுக்கு ஓர் அடுப்பு, பல் கிட்டிக்கொள்ளும் அளவுக்கு ஏசி. ஒரு மேஜையில் பெங்களூரிலிருந்து வந்த இளஞ்ஜோடி மாவைத் தொடுவதற்கு முன்பே போட்டோ எடுத்துக்கொண்டிருந்தது. இன்னொரு மேஜை ஓரத்தில் இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையும், தோளில் சொந்தத் துண்டுமாக, கையைக் கட்டிக்கொண்டு என் அண்ணன் நின்றுகொண்டிருந்தார்.

எனக்குக் கால் ஓடவில்லை. அவருக்கும் திறந்த வாய் மூடவில்லை. அவரிடம், "கல்யாணத்துக்கு முன்னாடி உங்கூட ஒரு நாளு இருக்கணும் மாமா" என்று இவள் சொல்லியிருக்கிறாள். மனுஷன் உருகிப்போய்க் காலை பஸ்ஸுக்கே கிளம்பி வந்திருக்கிறார்.

நான் திரும்பிப் பார்த்தேன். மகள் வாசற்படி தாண்டிவிட்டாள். "ரெண்டு பேருக்குத்தான் புக் பண்ணேன். நான் பீச்சாண்ட கீறேன். முடிஞ்சதும் போன் பண்ணுங்க" என்று சொல்லிக்கொண்டே ஓட்டம் பிடித்தாள். பெற்ற வயிற்றில் பிரண்டையைத்தான் வைத்துக் கட்டிக்கொள்ள வேண்டும்.

நானும் கிளம்பியிருப்பேன். அவரும் கிளம்பியிருப்பார். ஆனால் யார் முதலில் போவது? என் பெண் புக் பண்ணின இடத்தை விட்டு நான் ஏன் போக வேண்டும்? அந்த ஆள் போகட்டும். அவரும் அதையேதான் நினைத்தார் என்பது மூக்கு விடைத்துக்கொண்டதில் தெரிந்தது. கொக்கியில் தொங்கிய ஏப்ரன்களை இரண்டு பேரும் ஒரே சமயத்தில் எடுத்துக் கட்டிக்கொண்டோம்.

கற்றுக்கொடுக்கிற அம்மாவுக்கு அறுபதைத் தாண்டியிருக்கும். பாண்டித் தமிழ்க்காரிதான், ஆனால் பாதி ஆயுசு பிரான்சில் ரொட்டிக்கடையில் வேலை செய்துவிட்டுத் திரும்பியவர். வெட்டிவிட்ட நரைமுடி, கழுத்தில் கயிறு கட்டின மூக்குக்கண்ணாடி. எங்களை மதாம், முசே என்றுதான் கூப்பிட்டார். என்னை யாராவது மதாம் என்று கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. கவுண்டரில் என்னைக் கூப்பிடுகிற வார்த்தைகளை இங்கே எழுத முடியாது.

"முசே, கைய கழுவிட்டு வாங்க" என்றார் டீச்சரம்மா. அண்ணன் காசிமேட்டில் படகு இன்ஜின் ரிப்பேர் செய்கிறவர். நகத்துக்குள் இருக்கிற கிரீஸ் கல்யாணமான நாளிலிருந்து அங்கேயே குடியிருக்கிறது. கழுவிவிட்டு வந்தார். டீச்சரம்மா கண்ணாடியைப் போட்டுப் பார்த்து மறுபடி அனுப்பினார். மறுபடி வந்தார், மறுபடி அனுப்பினார். கடைசியில் ஒரு பிரஷ்ஷைக் கொடுத்துவிட்டார். எனக்கு உள்ளுக்குள் ஏசுவே ராஜா என்று இருந்தது. அவ்வளவு சந்தோஷம்.

முதலில் பகெத் என்கிற நீட்டு ரொட்டி. மாவு, தண்ணீர், உப்பு, ஈஸ்ட், அவ்வளவுதான். ஒரு மேஜைக்கு ஒரு மாவு. இரண்டு பேரும் சேர்ந்து பிசைய வேண்டும். அண்ணன் பிசையத் தொடங்கினார். துருப்பிடித்த போல்ட்டைக் கழற்றுகிற மாதிரி பல்லைக் கடித்துக்கொண்டு அழுத்தினார்.

எங்கள் பக்கத்தில் பேச்சு அறுந்தவர்கள் நேருக்கு நேர் பேச மாட்டார்கள், நடுவில் ஓர் ஆளை வைத்துக்கொண்டுதான் பேசுவார்கள். ஆள் கிடைக்கவில்லை என்றால் பூனை, நாய், கதவு எதுவானாலும் சரி. இப்படியே ஒரே வீட்டில் குடித்தனம் நடத்தி வரிசையாகப் பிள்ளை பெற்றவர்களும் உண்டு. ஆகவே நான் டீச்சரம்மாவைப் பார்த்துச் சொன்னேன்:

"அவராண்ட சொல்லுங்க. மாவு இன்னா பாவம் பண்ணிச்சு? இம்மாம் அழுத்து அழுத்துறாரு."

டீச்சரம்மாவுக்குப் புரியவில்லை. நான் நிற்பதற்கும் அண்ணன் நிற்பதற்கும் நடுவே ஒரு முழம்கூட இல்லை. "முசே, மெதுவா பிசையணுமாம்" என்றார் பாவம்.

அண்ணன் அவரிடமே திரும்பினார். "அந்தம்மாவாண்ட சொல்லுங்க. கை வலிக்காத நின்னுக்கினு வாய் மட்டும் அடிக்கிறவங்க சும்மா இருந்தா மாவு அதுவா பொங்கும்."

"மதாம், முசே என்ன சொல்றார்னா..."

"கேட்டுச்சு. எனுக்கு இன்னா காது செவுடா?"

"பின்ன ஏன் மதாம் என்கிட்ட சொல்றீங்க?"

நாங்கள் இரண்டு பேரும் மாவின்மேல் குனிந்துகொண்டோம். பெங்களூர்ப் பையன் மெல்லக் கேமராவை எங்கள் பக்கம் திருப்பினான்.

அந்த மாவை உப்புவதற்கு மூடி வைத்துவிட்டு, அடுத்து க்ருவாசான், பிறை மாதிரி சுருட்டின பலகாரம். முந்தின நாளே பிசைந்து குளிரவைத்த மாவை டீச்சரம்மா எடுத்து வந்தார். அதை விரித்து, நடுவில் ஓடு மாதிரி ஒரு வெண்ணெய்ப் பாளத்தை வைத்து மூடி, தேய்த்து, மூன்றாக மடித்து, ஃப்ரிட்ஜில் வைத்து, மறுபடி எடுத்துத் தேய்த்து மடிக்க வேண்டும். மாவு வேறு வெண்ணெய் வேறாக அடுக்கடுக்காக இருக்க வேண்டும், ஒன்றோடொன்று கலந்துவிட்டால் போச்சு. அழுத்தினால் வெண்ணெய் பிதுங்கும், நேரம் கடத்தினால் உருகும்.

அண்ணன் உருட்டுக்கட்டையை வாங்கினார். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டேன். ஒரே தேய்ப்பு. வெண்ணெய் ஓரத்தில் பிய்த்துக்கொண்டு வந்து என் புதுச் செருப்பின்மேல் விழுந்தது.

"அய்யோ மாதாவே! டீச்சரம்மா, அவராண்ட சொல்லுங்க, இது படகு இன்ஜின் இல்லன்னு!"

"இன்ஜினுன்னா இந்நேரம் ஓடிக்கினு இருக்கும்னு சொல்லுங்க. மாவ ஒயுங்கா புடிச்சிக்கச் சொல்லுங்க, நவுந்துக்கினே கீது."

"நான் புடிச்சிக்கினுதான் கீறேன்னு சொல்லுங்க!"

டீச்சரம்மா கிழிசலுக்கு ஒட்டுப் போடுவது போலப் பிய்ந்த இடத்தில் மாவைத் தூவி ஒட்டினார். மாவை வைத்த தட்டு ஃப்ரிட்ஜுக்குள் போனது. மாவு குளிர்கிற வரைக்கும் எல்லோரும் உட்காரலாம் என்றார், காப்பி கொடுத்தார். அங்கேதான் வினை. கையில் வேலை இருந்தவரைக்கும் சண்டை மாவோடு நின்றது. சும்மா உட்கார்ந்ததும் அது ஆறு வருஷம் பின்னால் ஓடியது.

நான்தான் தொடங்கினேன். "டீச்சரம்மா, ஒரு சாவு வூட்டு சாப்பாட்டுக்கு வேன் வெச்சி ஜனத்த அள்ளிக்கினு வர்ற ஊரு எங்கனா கீதான்னு கேளுங்க."

"தங்கச்சி புருஷன் செத்துட்டான்னு மரியாதைக்கு இட்டுக்கினு வந்த ஜனம்னு சொல்லுங்க. வெறும் எலைய நக்கிட்டுப் போவ வர்லன்னு சொல்லுங்க."

"மறுநா குட்த்தனுப்புன பிரியாணிய மூடி கூட தொறக்காத திருப்பி அனுப்புனது எந்த ஊரு மரியாதின்னு கேளுங்க."

"வூட்டுக்கு வந்து மன்னிச்சுக்கோன்னு ஒரு வார்த்த சொல்லக்கூட நாதி இல்ல, பாத்திரத்த அனுப்பிச்சா வாங்கிக்கணுமான்னு கேளுங்க."

டீச்சரம்மாவின் தலை அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் திரும்பித் திரும்பிக் களைத்துப்போனது. பெங்களூர்ப் பெண்ணுக்குத் தமிழ் தெரியும் போலிருக்கிறது, அந்தப் பையன் காதில் நடப்பதையெல்லாம் மொழிபெயர்த்துக்கொண்டிருந்தாள். டீச்சரம்மா காப்பிக் கோப்பையை மேஜையில் டக்கென்று வைத்தார்.

"மதாம், முசே. மாவு பத்தி எது வேணும்னாலும் என்ன கேளுங்க. பிரியாணி எனக்குத் தெரியாது. இனிமே ஒரு வார்த்தகூட நான் இந்தப் பக்கத்துலேர்ந்து அந்தப் பக்கம் எடுத்துட்டுப் போக மாட்டேன்." எழுந்து பெங்களூர் மேஜைக்குப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு நான் மாவு டப்பாவோடும் அண்ணன் உருட்டுக்கட்டையோடும் பேசிக்கொண்டோம். மாவை மறுபடி தேய்த்தோம், மடித்தோம், முக்கோணமாக வெட்டினோம், சுருட்டினோம். அவர் சுருட்டினது கொழுக்கட்டை மாதிரி இருந்தது, நான் சுருட்டினது பீடி மாதிரி இருந்தது. உப்பி வருவதற்கு விட்டு, முட்டை பூசி, டீச்சரம்மா அடுப்புக்குள் தள்ளினார்.

உண்மையைச் சொன்னால் என்ன? அந்த வாசனை வந்ததும் எனக்குக் கோபம் பாதி மறந்துவிட்டது. அடுப்புக் கண்ணாடி வழியாகப் பார்த்தால் எங்கள் பீடியும் கொழுக்கட்டையும் பொன்னிறமாக உப்பிக்கொண்டு வருகின்றன. அண்ணனும் குனிந்து பார்த்தார். இரண்டு பேர் முகமும் ஒரே கண்ணாடியில் தெரிந்தது. சட்டென்று நிமிர்ந்துகொண்டோம்.

டீச்சரம்மா தட்டை வெளியே எடுத்துக் கம்பி ஸ்டாண்டின்மேல் வைத்தார். "கொஞ்ச நேரம் ஆறட்டும், தொடாதீங்க" என்று சொல்லிவிட்டு வாசலில் யாரோ மணி அடிக்கிறார்கள் என்று போனார். தொடாதே என்றால் எனக்குக் கை சும்மா இருக்காது. துணி உறையை இரண்டு கையிலும் மாட்டிக்கொண்டு எங்கள் மேஜைக்குக் கொண்டு போகலாம் என்று தட்டைத் தூக்கினேன்.

அப்போது அண்ணன் ஜன்னலைப் பார்த்துச் சொன்னார்: "ஒரு தட்டு எடுத்துக்கினு வந்து மொறையா கூப்ட வக்கில்ல, இதுல ரொட்டி ஒரு கேடு."

என்ன சொன்னார்? வக்கில்லையா? எனக்கா? ஆறு வருஷமாக ஒற்றை ஆளாக நின்று பெண்ணைப் படிக்கவைத்துக் கல்யாணம் வரைக்கும் கொண்டுவந்தவளுக்கா வக்கில்லை?

"இந்தா!" என்று கத்தினேன். "இந்தா தட்டு! போதுமா? எடுத்துக்கினு வந்துட்டேன், பாத்துக்கோ! உந்தங்கச்சி பொண்ணுக்குக் கல்யாணம், வந்து சேரு!" தட்டை அவர் நெஞ்சுக்கு நேரே நீட்டினேன்.

அடிக்கிற மாதிரிதான் நீட்டினேன். வாங்கிக்கொள்வார் என்று கனவிலும் நினைக்கவில்லை. ஆனால் மனுஷன் சட்டென்று தோள் துண்டை எடுத்து இடுப்பில் கட்டினார், இரண்டு கையையும் நீட்டி, வெறும் கையால், அழைப்புத் தட்டை வாங்குகிற மாதிரியே வாங்கினார்.

"ஆஆ!" என்றார். தட்டை விடவில்லை.

"ணா! சுடுது ணா! கீழ வை!"

"வெக்கக் கூடாதுமே! கல்யாணத்துக்குக் கூப்ட்ற தட்ட கீழ வெப்பாங்களா?"

"கையி வெந்துடும் ணா! வைய்யேன்!"

"மொறையா சொல்லு! எந்தக் கெய்மை? எத்தினி மணி? எந்தக் கோயிலு?" அண்ணன் கொதிமணலில் நிற்கிறவர் மாதிரி கால் மாற்றி மாற்றிக் குதித்தார். தட்டில் க்ருவாசான்களும் குதித்தன. ஒன்றுகூடக் கீழே விழவில்லை.

நான் மூச்சு விடாமல் ஒப்பித்தேன். டிக்கெட் கவுண்டரில் ஸ்டேஷன் பேர் சொல்லுகிற வேகத்தில், கிழமை, தேதி, நேரம், கோயில், அப்புறம் மண்டபம். "அண்ணி, பசங்க, எல்லாரையும் இட்டுக்கினு மொத நாளே வந்துர்ணும் ணா!"

"வந்துர்றோம்!" என்று அலறிவிட்டு அண்ணன் தட்டை மேஜைமேல் வைத்தார். வைத்தார், தூக்கிப் போடவில்லை.

பிறகு தண்ணீர்க் குழாய்க்கு ஓடினோம். வாசலிலிருந்து வந்த டீச்சரம்மா பிரெஞ்சில் என்னவோ திட்டினார். அர்த்தம் தெரியாவிட்டாலும் தமிழில் அதற்குச் சரியான வார்த்தைகள் எனக்குத் தெரியும். அண்ணனின் பத்து விரலும் சிவந்து, நுனிகள் கொப்புளம் கட்டத் தொடங்கியிருந்தன. குழாயடியில் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு நான் அழுதேன். அழுதுகொண்டே திட்டினேன். "கஸ்மாலம், அறிவு கீதா உனுக்கு? ஒரு துணி சுத்திக்கினு வாங்குனா இன்னா?"

"துணி சுத்திக்கினு வாங்குனா அது மரியாதியா?" என்றார்.

மருந்து போட்டு, கட்டுக் கட்டி, வெளியே படிக்கட்டில் உட்கார்ந்தோம். மகளுக்குப் போன் பண்ணியிருந்தது. அவள் வருவதற்குள் எனக்குக் கேட்டே ஆக வேண்டும்.

"அன்னிக்குக் கொழுந்தனாரு கொண்டாந்தப்ப ஏன் ணா வாங்கல? அவராண்ட மரியாதியா வாங்கிக்கினு இருந்தா இந்தப் பேஜாரே இல்லயே."

அண்ணன் கட்டுப்போட்ட கைகளை மடியில் வைத்துக்கொண்டு தெருவைப் பார்த்தார். "பெத்தவ நீ. கஷ்டப்பட்டு வளத்தவ நீ. தட்ட இன்னொருத்தன் தூக்கிக்கினு வர்றான். நீ இன்னா செத்தா பூட்ட? தாலி இல்லாதவ தூக்கக் கூடாதுன்னு ஊரு சொல்லும். நானும் சொல்லணுமா? எந்தங்கச்சி கையால குட்த்தா எனுக்கு வெளங்காத பூடுமா?"

நான் அதைக் கொழுப்பு என்று நினைத்திருந்தேன். "அத அப்பவே சொல்லி அனுப்பிச்சிருக்கலாம் இல்ல?" என்றேன்.

"உங்கொழுந்தனாண்டயா? அந்தாளுக்கு ஒண்ணு சொன்னா ஒம்போதா போய்ச் சேரும்."

மகள் வந்தாள். கட்டைப் பார்த்தாள், எங்கள் முகத்தைப் பார்த்தாள். "ரொட்டி சுடச் சொன்னா கைய சுட்டுக்கினு வந்து குந்திக்கினு கீறீங்க" என்று சொல்லிவிட்டு எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் உட்கார்ந்து ஓவென்று அழுதாள். பஸ்ஸில் வரும்போது க்ருவாசானை நான்தான் பிட்டுப் பிட்டு அண்ணனுக்கு ஊட்டினேன். சட்டை முழுக்கத் தூள். "ஷோக்கா கீது, ஆனா உள்ள ஒண்ணியுமே இல்லயே" என்றார். நான் ஆமாம் என்றேன். ஆறு வருஷத்தில் நாங்கள் ஒத்துப்போன முதல் விஷயம் அது.

கல்யாணத்துக்கு முந்தின நாளே எல்லோரையும் இட்டுக்கொண்டு வந்துவிட்டார். காலையில் கோயில் நிறைந்துவிட்டது. நான் முன்னாலேயே போய் மூன்றாம் வரிசை ஓரத்தில் உட்கார்ந்துகொண்டேன். யாரும் சொல்லவில்லை, நானாகவே போய் உட்கார்ந்தேன். மங்கல காரியத்தில் என்னைப் போன்றவள் எங்கே நிற்க வேண்டும் என்று எங்கள் தெருவில் யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. சொல்லாமலே கால் அங்கே போய்விடும்.

பாடற்குழு வருகைப் பாட்டை எடுத்தது. எல்லோரும் எழுந்து திரும்பினார்கள். வாசலில் மகள் நின்றாள், அவள் கையைப் பிடித்துக்கொண்டு அண்ணன் நின்றார். நின்றார், நின்றுகொண்டே இருந்தார். பாட்டு முடிந்தது. பாடற்குழுக்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்துவிட்டு மறுபடி முதலிலிருந்து எடுத்தார்கள். பீடத்தில் சாமியார் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். மாப்பிள்ளைக்கு முகம் வெளுத்துவிட்டது. கோயிலில் எடுபிடி வேலை பார்க்கிற கோயில்பிள்ளை குனிந்து குனிந்து என்னிடம் ஓடிவந்தார்.

"யம்மா, உங்கண்ணன் நவுர மாட்டேங்கிறாரு. உங்கள இட்டுக்கினு வரச் சொல்றாரு."

அத்தனை ஜனத்தின் நடுவே எழுந்து நான் வாசலுக்கு நடந்தேன். கோபத்தில் காது சூடாகிவிட்டது. கிட்டே போய்ப் பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டேன்.

"இன்னா ணா இது? பொண்ண நிக்க வெச்சிக்கினு இன்னாத்துக்கு வீம்பு?"

"அந்தப் பக்கம் வந்து புடிச்சிக்கோ" என்றார்.

"எல்லாரும் பாக்குறாங்க ணா."

"பாக்கட்டும். எல்லாருக்குமா நான் கைய சுட்டுக்கினேன்?"

மகள் தன் இன்னொரு கையை என் பக்கம் நீட்டினாள். போய் அந்தப் பக்கம் நின்று அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். பாடற்குழு மூன்றாவது தடவை பாட்டைத் தொடங்கியது. மூன்று பேருமாக உள்ளே நடந்தோம்.